வழிப்போக்கர்

அவன் அந்த வாக்கியத்தை உதடு அசையாமல் இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தான்.

'அப்படி ஓர் ஆளை நான் பார்த்ததே இல்லை.'

சின்ன வாக்கியம்தான். தொண்டைக்குத்தான் அகலமாக இருந்தது.

கம்பெனி வக்கீல் காரில் வரும்போதே சொல்லிக்கொடுத்திருந்தார். காரில் ஏசி ஓடியது. அவனுக்கு மட்டும் வேர்த்தது.

முதலாளி உடன் வரவில்லை. கல் உடைக்கும் கிரஷர் வாசலில் நின்று அன்பாகத்தான் வழியனுப்பினார்.

"பயப்படாம சொல்லிட்டு வாடே. சொல்ல முடியலன்னாலும் ஒண்ணும் பிரச்சினை இல்ல. ஒன் வீட்டுச் சாமானை எங்க எறக்கி வைக்கணும்னு மட்டும் சொல்லிட்டுப் போ."

வீடு கிரஷருடையது. மனைவிக்கு வேலையும் அங்கேதான். பிள்ளை பெற்ற உடம்போடு மகள் படுத்திருப்பதும் அந்த வீட்டில்தான்.

தொழிலாளர் அலுவலகத்தில் இழப்பீட்டு வழக்கு நடக்கிற அறை ரொம்பச் சின்னது. இந்தப் பக்கம் பெஞ்சில் அவன். அந்தப் பக்கம், அவனோடு வேலை பார்த்த மாசானமுத்துவின் மனைவி.

அவளைப் பார்க்காமல் இருப்பதற்காகச் சுவரைப் பார்த்தான். பாதுகாப்பு வாரப் போஸ்டரில் ஹெல்மெட் போட்ட ஒருவன் சிரித்துக்கொண்டிருந்தான். எந்த ஊர்க் கிரஷரோ.

வக்கீல் எழுந்தார். கோட்டை இழுத்துவிட்டார். செருமினார். உயர் நீதிமன்றமே வழி தவறி உள்ளே வந்துவிட்டது போலிருந்தது.

இறந்தவர் எமது கட்சிக்காரரின் தொழிலாளி அல்லர் என்றார். அவர் ஒரு வழிப்போக்கர்.

வழிப்போக்கர்.

மாசானமுத்துவுக்கு வாழ்க்கையில் கிடைத்த முதல் 'ர்'. அதற்குச் சாக வேண்டியிருந்தது.

போகிற வழியில் வேலியைத் தாண்டி, ஜல்லிக் குவியலைத் தாண்டி, கன்வேயர் பெல்ட்டின் உச்சிவரை ஏறி, அங்கே சிக்கியிருந்த கல்லைக் கம்பியால் நெம்பிவிட்டுப் போகலாம் என்று நினைத்த வழிப்போக்கர். பொதுநல எண்ணம் உள்ளவர் போலும்.

பெல்ட் அவரை இழுத்துக்கொண்டது.

மிச்சத்தைக் கீழே இறக்கியவர்களில் அவனும் ஒருவன்.

'அப்படி ஓர் ஆளை...'

கம்பெனியின் முதல் சாட்சி, சூப்பர்வைசர் தனுஷ்கோடி. அடுத்தது அவன்.

சூப்பர்வைசர் பாடத்தை நன்றாகவே ஒப்பித்தார். ஆளைத் தெரியாது. போலீஸ் வந்து சொல்லித்தான் பேரே தெரியும்.

"என்ன பேரு?" என்றார் விசாரணை அதிகாரி.

சூப்பர்வைசர் ஏதோ முனகினார்.

"ஃபேன் சத்தத்துல ஒண்ணும் கேக்கலீங்க. சத்தமா சொல்லச் சொல்லுங்க சார், சத்தமா," என்று டைப்பிஸ்ட் அம்மாள் அதிகாரியைப் பார்த்து முறையிட, அதிகாரி சூப்பர்வைசரைப் பார்த்து, "சத்தமா சொல்லும்யா" என்றார்.

சத்தத்துக்கு மேலே பேச சூப்பர்வைசரிடம் ஒரே குரல்தான் இருந்தது. காலையில் கிரஷர் வாசலில் நின்று ஒவ்வொரு பேராகக் கூப்பிடுகிற குரல்.

"மாசானமுத்து!"

"வாரான் சார். சைக்கிள நிறுத்திட்டு வாரான்."

யார் சொன்னது என்று அவனும் தேடினான்.

அவன்தான் எழுந்து நின்றிருந்தான்.

பிந்தி வருகிற கூட்டாளிக்காக வருஷக்கணக்கில் சொல்லிவந்த பதில். அவனைக் கேட்காமலே வந்துவிட்டது.

அதோடு நின்றிருந்தால் வக்கீல் எப்படியாவது சமாளித்திருப்பார். சட்டத்தில் இடமா இல்லை.

"தெனமும் அவனுக்கு இதே எழவுதாம்ல," என்றார் சூப்பர்வைசர்.

டைப் அடிக்கிற சத்தம் நின்றது.

வக்கீல் கோட்டை மறுபடியும் இழுத்துவிட்டார்.

"ரெண்டு பேரும் சொன்னதை அப்படியே அடிங்கம்மா," என்றார் அதிகாரி.

பச்சைப் பிள்ளையோடு மகளை இனி எங்கே கூட்டிப்போவது? சூப்பர்வைசர் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் முகத்திலும் அதே பயம். வக்கீல் இருவரையும் பார்த்தார். அறையில் எல்லோரும் யாரையாவது பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மாசானமுத்துவின் மனைவி மட்டும், சைக்கிள் சத்தம் கேட்டதுபோல, வாசல் பக்கம் திரும்பியிருந்தாள்.