சின்னத் தாத்தாவுக்கு ஒரு மெழுகுவர்த்தி

ஆவணப்படம் எடுக்கும் நாஹும், யூதர்கள் குடியேறிய மோய்செஸ் வில்லே என்ற ஊருக்கு வந்தது சின்னத் தாத்தாவின் கல்லறையைப் படமெடுக்க. இன்று அவர் நினைவு நாள். யூதக் கல்லறைத் தோட்டத்தில் அவர் பெயரே இல்லை. கல்லறை இல்லாமல் படம் முடியாது.

"பெரியவருக்குத் தெரியும்" என்று ஊரார் சிரித்துக்கொண்டே கைகாட்டினார்கள். சதுக்கத்து பெஞ்சில் கோட்டுப் போட்ட கிழவர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். நாஹும் நினைவு மெழுகுவர்த்தியை ஏற்றி அவர் பக்கத்தில் வைத்துக் கேமராவைத் திருப்பினான்.

"சீக்கிரம் கேளு. இன்னிக்கு எங்க கல்யாண நாள், அவ காத்திருக்கா."

"எங்க சின்னத் தாத்தா எப்படிச் செத்தார் ஐயா?"

"இத்தாலிக்காரியைச் சர்ச்சுல கட்டினான். மதத்துக்கு வெளியே கட்டினவன் செத்தவன்னு, அன்னிக்கே அவங்கப்பா தரையில உட்கார்ந்து ஏழு நாள் துக்கம் காத்தார்."

"அப்ப சாகலையா? உயிரோட இருக்கறவங்க பேரை யூதங்க நாம பிள்ளைக்கு வைக்கமாட்டோமே! எனக்கு அவர் பேருதான்."

"உங்க குடும்பமே அவசரக்குடுக்கை."

"கல்லறை எங்க?"

கிழவர் சிகரெட்டை எடுத்து, குனிந்து, மெழுகுவர்த்தியில் பற்றவைத்தார்.

"ஐயா, அது நினைவு விளக்கு!"

"தெரியும்டா. எனக்கு ஏத்தினதுதானே?"