குதிரையைப் பிடித்தது யார்?

“மாமா, கொஞ்சங்கூட வாய் கூசாம இப்படிப் புளுகியிருக்கீங்களே!”

மருமகள் ஆபீசிலிருந்து வந்ததும் வராததுமாக, கைபேசியை மாமனார் மூக்குக்கு நேரே நீட்டினாள். அதில் அவருடைய பேட்டி ஓடிக்கொண்டிருந்தது. காலையில்தான் யூடியூபில் வந்ததாம்.

அந்தக்கால ராஜா ராணிப் படங்களில் கடைசி வரிசையில் ஈட்டி பிடித்து நின்றவர் மாமனார். வசனமா? “ஆகட்டும் அரசே!” அதோடு சரி. அவருக்கு இந்த வயதில் திடீரென்று கிராக்கி. பழைய ஷூட்டிங் கதை கேட்க ஆள்மேல் ஆளாக வருகிறார்கள்.

“என்னம்மா புளுகிட்டேன்?”

“குதிரை மிரண்டு ராணியோட ஓடுச்சு, ஒருத்தர் பாய்ஞ்சு கடிவாளத்தைப் பிடிச்சார். சரி, பிடிக்கட்டும். போன பேட்டியில அவர் காவல்காரர் வேஷம் போட்டவர். அதுக்கு முன்னாடி முரசு அடிச்சவர். இன்னிக்கு சமையல்காரரா நடிச்சவர்! ஒரே குதிரையை ஊரே சேர்ந்து பிடிச்சுதா?”

மாமனார் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்.

“சிரிக்காதீங்க மாமா. ‘உங்க மாமனார் நல்லா ரீல் விடுறாரே’ன்னு ஆபீஸ்ல மானம் போகுது. நாளைக்கு வர்ற பேட்டிக்காரங்களை வேண்டாம்னு சொல்லப்போறேன்.”

“ஐயையோ, நாளைக்கு மட்டும் வேண்டாம்னுடாதேம்மா! எங்களோட நடிச்ச மீசைக்காரன் இன்னும் பாக்கியிருக்கான்.”

அதற்குள் அவருடைய போன் அடித்தது. காது மந்தம் என்பதால் எப்போதும் ஸ்பீக்கர்தான்.

“டேய், சமையல்காரன் பேசுறேன்டா! எம் பையன் என்னைப் பின்ரூம்லேருந்து கூட்டிட்டு வந்து ஹால்ல நடுநாயகமா உட்கார வெச்சிருக்கான். ‘தாத்தா, குதிரை கடிச்சுதா’ன்னு பேரப்பசங்க மொய்க்குதுங்க. இத்தனை வருஷத்துல எங்கிட்ட யாருமே ஒரு வார்த்தை கேட்டதில்லைடா... ஆனா நான் பிடிக்கலையேடா?”

“அதை உளறித் தொலைக்காதே. கடிக்கலை, உதைச்சுதுன்னு சொல்லு. தொடையைத் தடவிக்கிட்டே சொல்லு.”

போனை வைத்துவிட்டு அவர் திருப்தியாகச் சாய்ந்து உட்கார்ந்தார். மருமகளுக்குக் கோபம் போன இடம் தெரியவில்லை. பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“மாமா, நிஜமா அன்னிக்கு அந்தக் குதிரையைப் பிடிச்சது யாரு?”

“நான்தாம்மா. என்னை ஏன்னு கேக்க நீ இருக்கே. அவனுங்களுக்கு யாரு இருக்கா?”