ஜூன் பன்னிரண்டு

மாலையும் கழுத்துமாக உட்கார்ந்திருந்த மாப்பிள்ளைக்குக் காதோரத்தில் மட்டும்தான் நரை. "டை அடிச்சீங்களாப்பா?" என்று குனிந்து கேட்டாள் வானதி.

"அறுபதாங் கல்யாணத்தன்னிக்கு அப்பனைச் சந்தேகப்படுற பாத்தியா," என்றார் வைரக்கண்ணு. பக்கத்தில் கூறைப்புடவையில் இருந்த தங்கமணி, சிரிப்பை அடக்க முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

திருக்கடையூர் கோயில் பிரகாரம் முழுக்க அன்று கல்யாண ஜோடிகள்தான். தூணுக்கு ஒரு ஜோடியாக அறுபதும் எழுபதும் எண்பதும் உட்கார்ந்திருக்க, ஓமப்புகையில் பேரப்பிள்ளைகள் கண்ணைக் கசக்கிக்கொண்டு ஓடினார்கள்.

வானதிக்குக் காலையிலிருந்தே படபடப்பு. போன மார்கழியில் அப்பாவுக்கு நெஞ்சுவலி வந்து தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். சிங்கப்பூரிலிருந்து அவள் வந்து சேர்வதற்குள் எழுந்து உட்கார்ந்து இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். ஆனாலும் அவர் ஆயுளுக்காக, அறுபது நிறைகிற அன்றைக்கே, இந்தச் சடங்கை ஒரு குறையில்லாமல் செய்துவிட வேண்டும் என்று அந்தக் கட்டிலருகில் நின்றபோதே முடிவு செய்துவிட்டாள்.

தேதியில்தான் சிக்கல் வந்தது. அப்பாவின் பள்ளிச் சான்றிதழில் ஜூன் ஒன்று. அம்மாவின் சான்றிதழிலும் அதே நாள், அதே வருடம். நன்னிலத்துக்குப் பக்கத்தில் அவர்கள் ஊரில், அந்த வயதுக்காரர்கள் முக்கால்வாசிப் பேருக்கு ஜூன் ஒன்றுதான் பிறந்தநாள். தலைக்கு மேலாகக் கையை வளைத்து எதிர்ப்பக்கக் காதைத் தொட்டுவிட்ட பிள்ளைக்கெல்லாம் அந்த ஊர்த் தலைமையாசிரியர் அந்தத் தேதியைப் போட்டுச் சேர்த்துக்கொண்டார்.

அதை நம்பி வானதி டிக்கெட் எடுத்த பிறகு, அப்பா போனில் மறுத்துவிட்டார். ஒன்றாம் தேதி வாத்தியார் வைத்தது, பன்னிரண்டுதான் நிஜம் என்றார். "உங்க அம்மாச்சி சாகுறதுக்கு முன்னாடி எங்கிட்ட சொன்னுச்சு. மேட்டூர்ல தண்ணி தொறக்குற தேதி, மறந்துடாதீங்க மாப்ளேன்னு."

நட்சத்திரம் என்ன என்று கேட்டதற்கு, அதை யார் எழுதி வைத்தார்கள், தேதி கிடைத்ததே பெரிசு என்றார். வானதி மேலதிகாரியிடம் கெஞ்சி விடுப்பை மாற்றி, டிக்கெட்டையும் மாற்றினாள். தப்பான நாளில் செய்தால் செய்ததற்குப் பலன் உண்டா என்ற பயம் அவளுக்கு.

அம்மாதான் கடைசி வரை முனகிக்கொண்டே இருந்தாள். "இவருக்கு இப்ப என்னடி அவசரம்?" என்றாள். உனக்கும் சேர்த்துத்தானே நடக்கிறது என்று வானதி சமாதானம் சொன்னபோது, புடவைக்கு மடிப்பு எடுத்தபடியே தங்கமணி சொன்னாள்: "பொம்பளைக்கு ஏதுடி அறுபதாங் கல்யாணம்? அவுங்களுக்கு நடக்குறப்ப கூட ஒக்காந்துக்க வேண்டியதுதான்."

ஓமம் முடிந்தது. குருக்கள் கலசங்களை வரிசைப்படுத்திக்கொண்டே, சொந்தத்தில் கட்டியதா அசலா என்று விசாரித்தார்.

"ஒரே தெரு சாமி," என்றார் வைரக்கண்ணு. "ரெண்டு பேரையும் ஒரே நாள்ல ஒண்ணாங் கிளாஸ்ல சேத்தாங்க. நான் வாசப்படியில நின்னு அழுவுறேன். இவதான் கையப் புடிச்சு இழுத்துட்டுப் போயி உள்ள ஒக்கார வெச்சா."

"அப்பவே இவுங்களுக்குக் கை நீளம்," என்றாள் தங்கமணி. "இல்லாட்டி காது எட்டியிருக்குமா? வாத்தியார் வீட்டுக்குத் தொரத்தியிருப்பாரு."

உறவு ஜனம் சிரித்தது. அடுத்த தூணில் இருந்த எண்பது வயது மாப்பிள்ளைகூட, என்ன விஷயம் என்று தெரியாமலேயே சேர்ந்து சிரித்தார்.

இருவரையும் முற்றத்தில் பலகை போட்டு உட்கார வைத்தார்கள். தலைக்கு மேலே சித்தப்பா சல்லடையைப் பிடித்துக்கொண்டார். குருக்கள் முதல் கலசத்தை எடுத்து வானதியின் கையில் கொடுத்து, அப்பாவின் தலையில் ஊற்றச் சொன்னார். மார்கழியில் வேண்டிக்கொண்டது இந்த நிமிஷத்துக்காகத்தான்.

கலசத்தைச் சாய்க்கப் போனாள். வைரக்கண்ணு நிமிர்ந்து, உள்ளங்கையால் அதைத் தடுத்தார்.

"மொதல்ல அம்மாவுக்கு ஊத்து."

வானதிக்குப் பகீரென்றது. எல்லாம் சரியாக நடந்து வந்து கடைசியில் இப்படியா? குருக்கள் மந்திரத்தை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார்.

"வெளையாடாதீங்கப்பா. யாருக்கு அறுபது ஆச்சோ அவங்களுக்குத்தான் மொதல்ல ஊத்தணும்."

தங்கமணியின் சிரிப்பு நின்றுவிட்டது. மெதுவாகத் திரும்பிக் கணவரையே பார்த்தாள். வைரக்கண்ணு கலசத்தை அவள் தலைப்பக்கமாகத் தள்ளிவிட்டார்.

"அதனாலதாம்மா சொல்றேன். எனக்கு அறுபதாக இன்னும் ரெண்டு வருசம் இருக்கு."