முத்திரை விழாத பிஸ்கட்

அடுமனைக் கண்ணாடி வழியே காலை வெயில் மேசைமேல் சாய்ந்து விழுகிறது. இரண்டு தட்டுகளில் பிஸ்கட்டுகள் சூடாக இருக்கின்றன. ஒன்று மூன்று தலைமுறையாகச் சுடுவது. அதில் குடும்ப முத்திரை பதிந்திருக்கிறது. மற்றது மருமகள் முழுக்கோதுமையில் பாதிச் சர்க்கரை போட்டுச் சுட்டது. அதற்கும் முத்திரை கேட்டு அவள் மூன்று மாதமாகக் காத்திருக்கிறாள். முத்திரைக்கட்டையோ மாமனாரான பெரியவரின் சட்டைப்பையை விட்டு வெளியே வருவதில்லை. "கண்ணைக் கட்டுங்க. எங்க அப்பா கைப்பக்குவம் எனக்குத் தெரியாதா?" என்று அவரே சவால் விட்டு, கண்ணில் துண்டோடு விறைப்பாக உட்கார்ந்திருக்கிறார். மகன் ஒவ்வொன்றாக ஒடித்து வாயில் ஊட்டுகிறான். முதல் துண்டுக்கு உதட்டைப் பிதுக்குகிறார். இரண்டாவது மொறுமொறுவென்று உடைகிறது. மீசையில் தூள் ஒட்ட, முகம் மலர்கிறது. "இதுதாண்டா நம்ம சரக்கு! குருடன்கூடச் சொல்லிடுவான்." அடுப்படியில் வேலையாட்கள் வாயைப் பொத்திக்கொள்கிறார்கள். பெரியவர் துண்டை அவிழ்க்கிறார். மகனின் கை முத்திரை இல்லாத தட்டில் இருக்கிறது. மருமகள் மாவு வெட்டுவதை நிறுத்தி நிமிர்கிறாள். அவர் இன்னொரு பிஸ்கட்டை எடுத்து நிதானமாக மென்று விழுங்குகிறார். பிறகு முதுகு வளையாமல் எழுந்து, அவள் வெட்டி வைத்திருக்கும் பச்சை மாவு வட்டத்தின்மேல் முத்திரைக்கட்டையை அழுத்துகிறார். "பாதிச் சர்க்கரைன்னு சத்தமாச் சொல்லாதேம்மா," என்று சுவரில் இருக்கும் அப்பா படத்தை ஓரக்கண்ணால் பார்க்கிறார். "அவருக்குக் கேட்டுடப் போகுது." அடுமனை முழுக்கச் சிரிக்கிறது. அவர் மட்டும் சிரிக்காமல், அடுத்த வட்டத்தில் கட்டையை வைக்கிறார்.