உரசிக் காட்டு

நகைப் பட்டறைக்கு ஒரு நீலமணி வந்தது. அதை உரசினால் காலம் சற்றுப் பின்னால் போகும். அது தெரியாமலே எல்லோரும் அதன் அழகை வியந்து பேச, மேசையில் கிடந்த உரைகல்லுக்கு வயிறு எரிந்தது.

"தங்கத்தின் வண்டவாளமெல்லாம் என்னிடம்தான் வெளிவரும். நீ உண்மையான மணியென்றால் என்மேல் உரசிக் காட்டு."

"வேண்டாம் அண்ணே. உரசினால் இந்தப் பேச்சே நடக்காததாகிவிடும். எனக்கு மட்டும்தான் நினைவிருக்கும்."

"பயந்தாங்கொள்ளி!"

மணிக்கு ரோசம் வந்தது. உருண்டுபோய் உரசியது.

காலம் பின்னால் போனது. உரைகல்லுக்கு அப்போதுதான் வயிறு எரியத் தொடங்கியது. "நீ உண்மையான மணியென்றால் என்மேல்..."

"இப்போதுதானே உரசிக் காட்டினேன், அண்ணே!"

"புளுகாதே. என்மேல் ஒரு கோடாவது விழுந்திருக்கிறதா, பார். பயந்தாங்கொள்ளி!"

மணிக்கு மறுபடியும் ரோசம் வந்தது.