ஆர்வோவின் மாவுக்கட்டு

ஆர்வோவின் கை ஒடியவே இல்லை. லோர்னா அதைக் கண்டுபிடித்துவிட்டாள்.

கனடாவின் தண்டர் பே ஊரில் அந்த எலும்பு மருத்துவமனையில், கட்டுப் போடும் அறைக்கு இரண்டே பேர். அவளும் ஆர்வோவும். மூன்று வாரத்துக்கு முன் ஒரு காலை, மனிதர் இடது கையில் மாவுக்கட்டோடு வந்து நின்றார்.

"என்ன ஆச்சு?"

"பனியில வழுக்கி விழுந்துட்டேன்."

"ஜூலையிலயா?"

"எனக்கு மட்டும் இன்னும் உருகல."

அன்றிலிருந்து வேலை முழுக்க லோர்னா தலையில் விழுந்தது. ஆர்வோ நாற்காலியில் சாய்ந்து, கையைத் தலையணை மேல் தூக்கி வைத்துக்கொண்டு, ஒற்றைக் கையால் கணினியைத் தட்டிக்கொண்டிருந்தார். ஊரே ஏரியில் கிடந்தபோது அவர் கால்கூட நனைக்கவில்லை. தூறல் விழுந்தால் கட்டுக்கு மேல் பிளாஸ்டிக் பை. நடிப்பென்றால் அப்படி ஒரு நடிப்பு.

நேற்று சந்தேகம் வந்து பதிவேட்டைப் பார்த்தாள். ஆர்வோ பெயரில் ஒரு எக்ஸ்ரேகூட இல்லை.

இன்று காலை நேராகவே கேட்டாள். "எந்த எலும்பு ஒடிஞ்சது, சொல்லுங்க பாப்போம்."

"ஒண்ணும் ஒடியல."

கொஞ்சமும் கூசாமல் சொன்னார்.

"உங்க வேலையையும் சேர்த்துச் செஞ்சு என் முதுகுதான் ஒடிஞ்சது. இயக்குநருக்கு எழுதப்போறேன்."

"தாராளமா எழுதுங்க. பதினோரு மணிக் கட்டைப் பிரிச்சுட்டு எழுதுங்க."

பதினோரு மணிக்கு மேவ் வந்தாள். எட்டு வயது. லோர்னாவுக்கு அவளை நன்றாக நினைவிருந்தது. போன வருடம் இதே கையில் கட்டு. அரிப்புத் தாங்காமல் உள்ளே பென்சிலை விட்டுச் சொறிந்து, சீழ் பிடித்து, கையே போயிருக்கும். மறுபடி ஒடித்துக்கொண்டு வந்தவளுக்கு மூன்று வாரத்துக்கு முன் ஆர்வோதான் கட்டுப் போட்டார்.

லோர்னா ரம்பத்தை ஓட்டினாள். கட்டு இரண்டாகப் பிளந்தது. மூக்கைப் பொத்தத் தயாராக இருந்தாள். நாற்றம் இல்லை. ஒரு கீறல்கூட இல்லை.

"அடேயப்பா. உனக்கு அரிக்கவே இல்லையா?"

"ராத்திரி பகலா அரிச்சுது."

"எப்படித் தாங்குன?"

மேவ் ஆர்வோவைப் பார்த்தாள். அவர் தன் கட்டைக் கொண்டுவந்து லோர்னாவுக்கு முன்னால் நீட்டினார்.

"இதையும் பிரிச்சுடுங்க. அம்மணி சோதிச்சுப் பாக்கணுமாம்."

அப்போதுதான் லோர்னாவுக்கு உறைத்தது. ரம்பத்தை மெதுவாக ஓட்டி அந்தக் கட்டையும் அறுத்தாள்.

மேவ் அவர் கையை வாங்கி முன்னும் பின்னும் திருப்பினாள். முகர்ந்தும் பார்த்தாள்.

"சொறியல. சொன்ன சொல்லக் காப்பாத்திட்டாரு," என்று லோர்னாவிடம் நிமிர்ந்தாள். "ஒடியாத கையில கட்டுப் போட்டுக்கிட்டு இவரே தாங்குறப்போ, ஒடிஞ்ச கைக்கு நான் தாங்க மாட்டேனா?"