எழுதிக் காட்டிய பெயர்

செம்பாறைப் பள்ளத்தாக்கின் ஒன்பதாவது வளைவில் குமுதவல்லியின் கணவரைக் காணவில்லை. வெயில் ஏறுவதற்குள் பேருந்துக்குத் திரும்பிவிட வேண்டும் என்று வழிகாட்டி ஜெரால்டு காலையிலேயே படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். "சத்தமாக் கூப்பிடுங்கம்மா, பாறையே கொண்டுபோய்ச் சேத்துரும்," என்றார் இப்போது. அவள் வாயருகே கை குவித்து, "ஏங்க!" என்றாள். பாறைகள் அதை ஏழெட்டு முறை சொல்லின. அங்கங்கே வளைவுகளில் படம் எடுத்துக்கொண்டிருந்த பதினோரு கணவர்கள், "என்னம்மா?", "இதோ வந்துட்டேன்!" என்று ஓடி வந்தார்கள். அவளுடையவர் மட்டும் வரவில்லை. "பேரைச் சொல்லிக் கூப்பிடுங்கம்மா," என்றார் ஜெரால்டு. முப்பத்திரண்டு வருடங்களாக ரேஷன் கடையிலும் ஆஸ்பத்திரியிலும் யார் கேட்டாலும் வாயால் சொல்லாமல் தாளில் எழுதியே காட்டிய பெயர். குமுதவல்லி கண்ணை இறுக மூடிக்கொண்டு, "தணிகாசலம்!" என்று கத்தினாள். பெயர் எதிர்ச் சுவரில் மோதி, வானம் தெரியும் இடுக்கு வரை ஏறி, திரும்பி வந்து அவள் காதருகே அடங்கியது. நாக்குக்கு ஒன்றும் ஆகிவிடவில்லை. கண்ணைத் திறந்தபோது, பத்தடி தள்ளி ஒரு பாறைக்குப் பின்னால் அவருடைய மஞ்சள் தொப்பியின் விளிம்பு தெரிந்தது. அது அசையாமல் காத்திருந்தது. ஏதோ சொல்ல வாயெடுத்த ஜெரால்டை "உஷ்" என்று அடக்கிவிட்டு, இன்னும் எதையும் பார்க்காதவள்போல, குமுதவல்லி மறுபடியும் வாயருகே கை குவித்தாள்.